அடுத்த பக்கத்தில் இருந்த இரண்டு வரிகள்

எங்கள் தேயிலைத் தோட்டத்தில் ஒருவர் இறந்து ஓராண்டு ஆனால் பத்திரிகையில் அவருடைய படம் வந்தாக வேண்டும். படத்துக்கு மேலே 'ஓராண்டு நினைவஞ்சலி', கீழே நான்கு வரிக் கவிதை, அதற்கும் கீழே மனைவி, மக்கள், மருமக்கள், பேரப்பிள்ளைகள் என்று பெயர் வரிசை. வீட்டில் இலை போட்டுப் படைத்தாலும் போதாது. படம் வரவில்லை என்றால் ஈப்போவிலிருந்தும் கிள்ளானிலிருந்தும் சொந்தக்காரர்கள் போன் போட்டு, "என்ன, மறந்துட்டீங்களா?" என்று கேட்பார்கள்.

அந்த நான்கு வரியை எழுதிக் கொடுக்கும் வேலை எப்படியோ என்னிடம் வந்து சேர்ந்தது. நான் ஆறாம் வகுப்பு தாண்டி, படிவம் ஒன்றில் பாதியிலேயே பள்ளியை விட்டவள். அம்மாவுக்கு முடியாமல் போனது, கடைசித் தம்பி கைக்குழந்தை, அவ்வளவுதான் காரணம். பிறகு தேயிலைத் தொழிற்சாலையில் பொட்டலம் கட்டும் பகுதியில் சேர்ந்தேன், இன்னும் அங்கேதான் இருக்கிறேன். கையெழுத்து அழகாக இருக்கும் என்பதால் ஒருவர் எழுதச் சொன்னார், அவரைப் பார்த்து இன்னொருவர் வந்தார். இப்போது கையெழுத்துக்கு வேலையே இல்லை, போனில் தட்டி அனுப்புவதுதான். ஆனாலும் என்னிடம்தான் வருகிறார்கள்.

என் கையிருப்பில் ஆறு பாட்டுகள் உண்டு. அம்மாவுக்கு இரண்டு, அப்பாவுக்கு இரண்டு, சின்ன வயதில் போனவர்களுக்கு ஒன்று, யாருக்கும் பொருந்துவதாக ஒன்று. அவற்றைக் கவிதை என்று நானே சொல்லிக்கொண்டதில்லை. அனுப்புவதற்கு முன் மூன்று தடவை சரிபார்ப்பேன். அனுப்பிய பிறகு ஞாயிற்றுக்கிழமை பத்திரிகை வரும்வரை சோறு இறங்காது. ஒருமுறை ஒரு வீட்டின் இரண்டாவது மருமகன் பெயர் விட்டுப்போய்விட்டது. அந்த மனிதர் இரண்டு வருஷம் என்னைக் கண்டால் சாலையின் அந்தப் பக்கம் போய்விடுவார். அவர் பெயரை இப்போதும் தூக்கத்தில் கேட்டாலும் எழுத்துப் பிழை இல்லாமல் சொல்வேன்.

இப்படி இருக்கையில் உண்மையான கவிஞர் ஒருவருடைய ஓராண்டு நினைவஞ்சலி என் கைக்கு வந்தது.

அவர் எங்கள் தொழிற்சாலையில்தான் வேலை செய்தார். மேல்மாடியில் பச்சை இலையை நீளமான கம்பிவலைத் தட்டுகளில் பரப்பி, அடியிலிருந்து காற்று விட்டு வாட்டுவார்கள். அந்தத் தட்டுகளைப் பார்த்துக்கொள்வது அவர் வேலை. இலையைக் கையில் அள்ளி இறுக்கிப் பிடித்துவிட்டு விடுவார். அது விரிகிற விதத்தைப் பார்த்து, போதும் போதாது என்பார். காற்றாடிச் சத்தத்தில் அவர் வாய் அசைவது மட்டும் தெரியும். தனக்குத்தானே பேசிக்கொள்கிறார் என்றுதான் நாங்கள் நினைத்தோம். எடைச் சீட்டின் பின்பக்கத்தில் ஏதோ கிறுக்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொள்வார். ஞாயிற்றுக்கிழமை வெள்ளைச் சட்டை போட்டு, மோட்டார் சைக்கிளில் பிரிஞ்சாங் டவுனுக்குப் போய்விடுவார். அங்கே பாய் கடையின் பின்பக்க மேசையில் ஏழெட்டுப் பேர் கூடுவார்கள். கவிதை எழுதுகிறவர்களின் வட்டம் அது. செயலாளராக இருந்தவர் ஓய்வுபெற்ற தமிழ்ப்பள்ளி ஆசிரியர். அவர்கள் ஒருவரையொருவர் பட்டப்பெயர் வைத்துத்தான் கூப்பிடுவார்கள், வருஷத்துக்கு ஒருமுறை ஒருவருக்கொருவர் பொன்னாடை போர்த்திக்கொள்வார்கள். பத்திரிகையின் ஞாயிறு மலரில் எங்கள் கவிஞரின் கவிதை அவ்வப்போது வரும். எங்களில் யாரும் அதை அவரிடம் போய்ச் சொன்னதில்லை. என்ன சொல்வது என்று தெரியாது.

அவர் இறந்து மூன்றாவது வாரம் வட்டத்தின் சார்பில் ஒரு மண்டபத்தில் இரங்கல் கூட்டம் வைத்தார்கள். நானும் போயிருந்தேன். செயலாளர் நன்றாகத்தான் பேசினார். நாற்பது வருஷம் தமிழுக்கே வாழ்ந்தவர் என்றார். முடிக்கும்போது, "வீட்டுச் சூழல் மட்டும் கொஞ்சம் ஒத்துழைத்திருந்தால் இவர் எங்கேயோ போயிருப்பார்" என்று ஒரு வார்த்தை சொன்னார். பேச்சு வேகத்தில் வந்த வார்த்தைதான். முதல் வரிசையில் கவிஞரின் மனைவி உட்கார்ந்திருந்தார். அவர் முகத்தில் எந்த மாற்றமும் இல்லை. கூட்டம் முடிந்ததும் எல்லாரோடும் சேர்ந்து பிளாஸ்டிக் நாற்காலிகளை அடுக்கிவிட்டுப் போனார்.

பத்து மாதம் கழித்து அந்த அக்கா ஒரு கோணிப்பையோடு என் வீட்டுக்கு வந்தார். உள்ளே பதினான்கு பள்ளிக்கூட நோட்டுப் புத்தகங்கள்.

"தங்கச்சி, அடுத்த மாசம் வருஷம் வருது. பத்திரிகையில போடணும்."

"போட்டுரலாங்க்கா. நான் ஒன்னு எழுதித் தரேன்."

"ஒன்னோடது வேணாம். கோவிச்சுக்காத. அவரு எழுதுனதுல எனக்குன்னு ஏதாச்சும் நாலு வரி இருக்கும். அத எடுத்துப் போடு."

"நீங்க படிச்சதில்லையா?"

"நான் மூனாவது வரைக்கும்தான் போனேன். அதுவும் அவரு எழுத்து, எறும்பு ஊர்ற மாதிரி இருக்கும். இத்தன வருஷம் எழுதுன மனுசன், ஒரு நாளாச்சும் என்னை நெனச்சிருக்க மாட்டாரா? அது பேப்பர்ல வந்தா போதும். வீட்டுச் சூழல் சரியில்லன்னு சொன்ன வாத்தியாரு படிக்கட்டும்."

அக்கா தோட்டத்தில் பச்சைக் கொழுந்து எடுத்து ஓய்வுபெற்றவர். இப்போது கம்போங் ராஜாவில் ஒரு சீனத் தவுக்கே முதலாளியின் பூந்தோட்டத்தில் பூக்கட்டு கட்டப் போய்க்கொண்டிருந்தார். வேலைக்கு ஏற்றிப்போகும் லோரி வந்து நின்றதும் பையை என் வாசலில் வைத்துவிட்டு ஏறிப்போனார்.

மூன்று வாரம் அந்த நோட்டுகளைப் படித்தேன். சாப்பாட்டு நேரத்தில் தொழிற்சாலையில் கொஞ்சம், வேலை விட்டு வந்து கொஞ்சம். கவிஞர் என்றால் வேறு ஏதோ பிறவி என்று நினைத்திருந்தேன். இந்த ஆள் எங்களோடு கிளினிக்கில் நம்பர் எடுத்துக் காத்திருந்தவர். சம்பள நாளில் மீன் லோரிக்குப் பின்னால் வரிசையில் நின்றவர். அதே நாட்களில்தான் இதையெல்லாம் எழுதியிருக்கிறார். தேயிலைப் பூவைப் பற்றி எழுதியிருந்தார். நாங்கள் தேயிலைப் பூவைப் பார்ப்பதே இல்லை. பூத்தால் செடியைச் சரியாகக் கவனிக்கவில்லை என்று அர்த்தம், மேற்பார்வை மண்டோர் திட்டுவார். அவருக்கு அது நாணிக் குனிந்த வெள்ளையாகத் தெரிந்திருக்கிறது. லெம்பா பெர்த்தாமில் வீடுகளுக்குள் சேற்று வெள்ளம் வந்ததைப் பற்றி ஒரு பாட்டு இருந்தது. ஒரு வாரம் நானும் தேயிலைச் செடிகளுக்கு அடியில் பார்த்துக்கொண்டே நடந்தேன், பூ தெரிகிறதா என்று. பிறகு வேலைக்கு நேரமாகிவிடுமே என்ற பயத்தில் விட்டுவிட்டேன்.

அக்காவுக்கு மட்டும் ஒன்றும் இல்லை. நிலாவுக்கு இருந்தது, மழைக்கு நிறைய இருந்தது. தமிழுக்கு ஒவ்வொரு நோட்டிலும் பத்துப் பன்னிரண்டு இருந்தது. துரை பங்களாவில் கிடந்த நாய்க்குக்கூட எட்டு வரி இருந்தது. எட்டாவது நோட்டும் முடிந்துவிட்டது. நாய்க்கு இருக்கிறது உங்களுக்கு இல்லை என்று ஒருவரிடம் எப்படிப் போய்ச் சொல்வது?

ஒன்பதாவது நோட்டில், ஒரு பக்கத்தின் கீழ்ப்பாதியில் இது இருந்தது:

விடியுமுன் எழுந்து என் விறகடுப்பை மூட்டியவள்
வெறும்வயிற்று நாளிலும் என் வீட்டைவிட்டுப் போகாதவள்
கூடை சுமந்த தோளிலே என் குறைகளையும் சுமந்தவள்
கூப்பிடாத போதும் வந்து என் குரலாக நின்றவள்

நான்கே வரி. விளம்பரத்துக்கு அளவெடுத்தது போல. நான் உடனே அக்காவுக்குப் போன் போட்டேன். அவர் பூக்கொட்டகையில் இருந்தார். படித்துக் காட்டினேன்.

"இன்னொரு தடவ படி."

படித்தேன்.

"இரு, ஸ்பீக்கர்ல போடுறேன். ஏய், ரேடியோவ அமத்து லா. எங்க ஊட்டுக்காரரு எனக்கு எழுதுனது." பக்கத்தில் யாரோ ஒரு பெண் சொல்வது கேட்டது: "ஐயோ, இப்பிடியெல்லாம் எழுதுவாரா? மூஞ்சியப் பாத்தா தெரியலையே." அக்கா சிரித்தார். அவர் சிரித்து நான் கேட்டதே இல்லை. "கூடை சுமந்த தோள்னு சொல்றாரு பாத்தியா. அந்தத் தோளுக்குத்தான் இப்பவும் தைலம் போடுறேன். இத போட்டுரு தங்கச்சி. அப்பிடியே போட்டுரு."

போனை வைத்துவிட்டு, வேறு ஏதாவது இருக்கிறதா என்று பக்கத்தைத் திருப்பினேன். மேலே இரண்டு வரி இருந்தது. அதற்குக் கீழே அவர் எப்போதும் போடும் சின்னக் கோடு. பாட்டு அங்கேதான் முடிந்திருந்தது.

பெற்றவரும் உற்றவரும் பேருக்குத்தான் என்னோடு
செந்தமிழே, உனையன்றிச் சொந்தமெனக்கு யாருமில்லை

பிழை என்னுடையது. எட்டு நோட்டு படித்தவளுக்கு இது தெரிந்திருக்க வேண்டும். அவள், கண்ணே, என்னவளே என்று ஆரம்பிக்கும் எந்தப் பாட்டும் கடைசி வரியில் தமிழிடம்தான் போய் நிற்கும். அவர் மட்டுமில்லை, அந்த வட்டத்தில் எல்லாரும் அப்படித்தான் எழுதினார்கள். படித்தவர்கள் இரண்டாம் வரியிலேயே கண்டுபிடித்துவிடுவார்கள். அவளை ஒரு பொம்பளை என்று நம்பிப் போன் போட நான்தான் இருந்தேன்.

மீதி ஐந்து நோட்டையும் புரட்டிப் பார்த்தேன், அக்காவுக்கென்று ஒன்றும் இல்லை. வியாழக்கிழமைக்குள் பத்திரிகைக்கு அனுப்ப வேண்டும். அன்று செவ்வாய். சொல்லாமலே விட்டுவிடலாமா என்று நினைத்தேன். ஆனால் அது ஞாயிறு மலரில் முழுதாக வந்த பாட்டாக இருந்தால்? செயலாளர் பார்த்தவுடன் பிடித்துவிடுவார். கவிஞர் மனைவி கவிதையைத் திருடிவிட்டார் என்று மண்டபத்தில் ஒரு வார்த்தை சொன்னால் போதும், முன்னே சொன்னதைவிட மோசமாகிவிடும். சொல்லிவிடலாம் என்றால் அந்தச் சிரிப்பு காதில் கேட்டது. என் வீட்டுக்காரரிடம் சொன்னேன். "ரெண்டு வரிதான, விடு லா. சும்மா மனசப் போட்டு அரிச்சுக்குவ நீ," என்றார். அவர் எதற்கும் அதைத்தான் சொல்வார். அன்று பொட்டலம் கட்டும்போது முகவரித் தாளைத் தலைகீழாக ஒட்டி இரண்டு பெட்டி வீணாக்கினேன்.

புதன் சாயங்காலம் நோட்டை எடுத்துக்கொண்டு அக்காவின் லயத்து வீட்டுக்கு நடந்தேன். அவர் கூடத்தில் உட்கார்ந்து நெத்திலி கிள்ளிக்கொண்டிருந்தார். வாசிங் மெஷின்மேல் தூசு படாமல் இருக்க ஒரு பொன்னாடையை விரித்திருந்தார்.

"அக்கா, நான் ஒரு தப்பு பண்ணிட்டேன்."

"என்ன, என் மருமவன் பேரு விட்டுப்போச்சா?"

"இல்லக்கா. அந்தப் பாட்டு அதோட முடியல. அடுத்த பக்கத்துல ரெண்டு வரி இருக்கு. நான் பாக்காமப் போன் பண்ணிட்டேன்."

"படி."

படித்தேன். அவர் கையைத் துடைத்துக்கொண்டு நோட்டை வாங்கினார். விரலை வைத்து எழுத்துக்கூட்டிப் பார்த்தார். 'யாருமில்லை' என்ற இடத்தில் விரல் நின்றது.

"சொந்தம் யாருமில்லையாமா?"

நான் நெத்திலித் தட்டை அவர் பக்கம் நகர்த்திவைத்தேன்.

"அப்ப மூனு மாசம் படுக்கையில கெடந்தாரே. மூத்திரம் எடுத்துக் கொட்டுனது தமிழா?"

அவர் மறுபடி நெத்திலியை எடுத்தார். ஒரு தட்டையும் கிள்ளி முடித்தார். நான் எழுந்து போவதா இருப்பதா என்று தெரியாமல் உட்கார்ந்திருந்தேன். வெளியே மழை பிடித்துக்கொண்டது.

"மொதப் பக்கத்த இன்னொரு தடவ படி. மெதுவா."

முதல் வரியைப் படித்தேன். அவர் கையைத் தூக்கி நிறுத்தினார்.

"வெறகடுப்ப மூட்டுனது யாரு?"

"நீங்கதான்க்கா."

"அடுத்தது."

படித்தேன்.

"சம்பளம் இல்லாம ரெண்டு மாசம் நின்னப்ப எங்க அண்ணன் வந்து கூப்பிட்டாரு. வா, தாப்பாவுக்குப் போலாம்னு. நான் போனனா? போகல. அடுத்தது."

"கூடை சுமந்த தோளிலே..."

"தமிழு கூடை சுமந்துச்சா? இருபத்தெட்டு வருஷம் சுமந்தது நான். எங்கிட்ட இருந்து எடுத்துத்தான அவளுக்குப் போட்டுருக்காரு. சேலை என்னுது, கட்டிக்கிட்டது அவ." அவர் குரலில் கோபம் இருந்த மாதிரி தெரியவில்லை. கணக்குச் சரிதானா என்று பார்ப்பவர் போல இருந்தார். "மொதப் பக்கத்த மட்டும் போடு."

"வட்டத்துல கேப்பாங்கக்கா."

"கேக்கட்டும். அதுக்குத்தான போடுறோம்."

"பொய்யாயிறாதா?"

"எந்த வரி பொய்யின்னு நீயே சொல்லு."

வியாழன் காலை அனுப்பிவிட்டேன். பெயர்களை ஐந்து தடவை சரிபார்த்தேன்.

ஞாயிற்றுக்கிழமை பிரிஞ்சாங் போய் ரொட்டி சாப்பிடலாம் என்று அக்கா கூப்பிட்டார். எந்தக் கடை என்று நான் கேட்கவில்லை. வேறு ஏதாவது கடைக்குப் போகலாமே என்று பஸ்ஸில் இரண்டு தடவை சொல்லிப் பார்த்தேன். அவர் வெளியே பார்த்துக்கொண்டிருந்தார்.

பாய் கடையின் பின்பக்க மேசையில் ஐந்து பேர் இருந்தார்கள். பத்திரிகை நடுவில் விரித்துக் கிடந்தது. செயலாளர் எங்களைப் பார்த்து எழுந்து நின்றார். மரியாதை தெரிந்த மனிதர்.

"வாங்கம்மா. உக்காருங்க. படம் நல்லா வந்திருக்கு. ஆனா இந்தக் கவிதையில ஒரு பெரிய தவறு நடந்திருக்கு."

"தவறெல்லாம் இல்ல. நான்தான் நிறுத்தச் சொன்னேன்."

"இது மொழி வாழ்த்தும்மா. நான் தலைமை வகிச்ச கவியரங்கத்துல அவர் பாடினது. கடைசி ரெண்டு அடிதான் இதுக்கு உயிர். அதை எடுத்துட்டா..." அவர் என்னைப் பார்த்தார். "நீங்கதானே அனுப்பினது? படிச்சவங்ககிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே."

நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டேன்.

"அந்தப் புள்ளைய ஒன்னும் சொல்லாதீங்க," என்றார் அக்கா. "வாத்தியாரே, தமிழுக்கு எழுத நீங்க இத்தன பேரு உக்காந்திருக்கீங்க. எனக்கு எழுத அந்த ஒரு ஆளுதான் இருந்தாரு."

கல்லாவிலிருந்த பாய்தான் சொன்னார்: "ஐயா, ரெண்டு வரிக்காக அஞ்சு டீ ஆறுது. குடிச்சிட்டுச் சண்ட போடுங்க." மேசையில் ஒருவர் சிரித்துவிட்டு, செயலாளர் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார்.

அக்கா உட்கார்ந்தார். "அன்னிக்கு மண்டபத்துல சொன்னீங்க, வீட்டுச் சூழல் ஒத்துழைக்கலன்னு. அவரு எழுத உக்காந்தா நாலு புள்ளைங்களையும் கூட்டிக்கிட்டு மழையில கோயில் பக்கம் போய் நிப்பேன். சத்தம் கேக்கக் கூடாதுன்னு. அவரு எங்கயும் போவலன்னா அதுக்கு நான் பொறுப்பில்ல."

"நான் அப்படிச் சொன்னேனா?"

"சொன்னீங்க," என்றேன். எப்படி வாயைத் திறந்தேன் என்று தெரியவில்லை.

அவர் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். மற்றவர்களைப் பார்த்தார். அவர்கள் டீயைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். "சொல்லியிருந்தா தப்புதாம்மா," என்றார். பிறகு, அந்த நோட்டுகளையெல்லாம் சேர்த்து ஒரு புத்தகமாகப் போட வட்டம் நினைத்திருப்பதாகவும் அதற்கு அக்காவின் சம்மதம் வேண்டும் என்றும் சொன்னார். எப்படிக் கேட்பது என்று தெரியாமல் இத்தனை மாதம் கேட்கவில்லையாம்.

"போடுங்க. இந்தப் பாட்ட முழுசாவே போடுங்க, கடைசி ரெண்டு வரியோட. அது அவரு எழுதுனது, நான் எதுக்கு வெட்டப் போறேன்? ஆனா அந்தப் பக்கத்துக்குக் கீழ, அது யார் வீட்டு அடுப்புன்னும் போட்டுருங்க."

"அடிக்குறிப்பாவா?"

"பேரு என்னமோ. கீழ போடுங்க. கண்ணுக்குத் தெரியிற எழுத்துல."

செயலாளர் பேனாவை எடுத்தார். பத்திரிகையின் ஓரத்தில் ஒரு வரி எழுதினார், அடித்தார், மறுபடி எழுதினார். மூன்றாவது தடவை எழுதியதை என் பக்கம் திருப்பி, "படிச்சுக் காட்டுங்க," என்றார். இப்படி இருந்தது: 'இக்கவிதையில் வரும் அடுப்பும் கூடையும் கவிஞரின் மனைவியுடையவை.'

"தோள்?" என்றார் அக்கா.

அவர் 'தோளும்' என்று சேர்த்தார்.

புத்தகம் அச்சுக்குப் போயிருக்கிறது. அச்சகத்தில் இடம் போதவில்லை என்று அந்த ஒரு வரியைத் தூக்கிவிடுவார்களோ என்று எனக்குப் பயம். வாரத்துக்கு ஒருமுறை செயலாளருக்குப் போன் போட்டுக் கேட்கிறேன். "இருக்கும்மா, இருக்கு," என்கிறார்.